எலும்பு முறிவு: வகையை அறிந்து சிகிச்சையைப் புரிந்துகொள்ள ஒரு வழிகாட்டி

எலும்பு முறிந்திருக்கிறது என்று மருத்துவர் சொன்னவுடன் பெரும்பாலோர் கேட்கும் முதல் கேள்வி, "எத்தனை நாளில் கூடும்?" என்பதுதான். எந்த எலும்பு, எந்த இடத்தில், எந்த விதமாக முறிந்தது, முனைகள் விலகியுள்ளனவா, தோல் கிழிந்ததா, அடிபட்டவரின் வயது என்ன என்பவற்றைப் பொறுத்து இதற்கான விடை 3 வாரமாகவும் இருக்கலாம், 6 மாதமாகவும் இருக்கலாம். அதற்கு முன்பே கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. முறிந்த இடத்துக்கு அப்பால் உள்ள பகுதிக்கு இரத்தம் போகிறதா, அங்கே உணர்ச்சி இருக்கிறதா என்பதே அது. எலும்பு பொறுமையாகக் கூடிக்கொள்ளும். ஆனால் சில மணிநேரம் இரத்தம் கிடைக்காமல் போன தசை மீளாது. முறிவுக்கான முதலுதவியும் சிகிச்சையும் கட்டுப் போட்ட பிறகான கவனிப்பும் பெரிதும் இந்த ஓர் உண்மையைச் சுற்றியே அமைந்தவை.

முறிவு என்று எப்போது சந்தேகிக்க வேண்டும்

அடிபட்ட இடம் வீங்கி, வளைந்து, தொட்டாலே உயிர் போகும்படி வலித்தால் யாருக்கும் சந்தேகம் வராது. அவ்வளவு வெளிப்படையாகத் தெரியாத முறிவுகளில்தான் தவறு நேர்கிறது. விரலை மடக்க முடிகிறது, அதனால் முறிவு இல்லை என்று நினைப்பது மிகப் பரவலான பிழை. தசைநார்கள் அறுபடாத வரை, எலும்பில் விரிசல் இருந்தாலும் விரல்கள் அசையும். இதைவிட நம்பத்தக்க அடையாளம், எலும்பின் மீது ஒரே புள்ளியில் விரல்நுனியால் மெதுவாக அழுத்தும்போது ஏற்படும் கூர்மையான வலியாகும். சுளுக்கில் வலி பெரும்பாலும் எலும்பை ஒட்டிய மென்மையான பகுதியில் இருக்கும்; முறிவில் எலும்பின் மேலேயே இருக்கும்.

கணுக்கால் பிசகியவர்களுக்கு எக்ஸ்ரே தேவையா என்பதைத் தீர்மானிக்க, கனடாவின் ஒட்டாவா நகர மருத்துவர்கள் 1992ஆம் ஆண்டில் வெளியிட்ட எளிய விதிகள் இன்று உலகெங்கும் பயன்படுகின்றன. கணுக்காலின் உட்புறமோ வெளிப்புறமோ புடைத்துத் தெரியும் எலும்பின் பின்விளிம்பில் அல்லது நுனியில் அழுத்தினால் வலிக்கிறதா, அடிபட்ட உடனேயும் மருத்துவமனைக்கு வந்த பிறகும் 4 அடி எடுத்துவைக்க முடியாமல் போகிறதா என்று அவர்கள் பார்த்தார்கள். இவற்றுள் ஒன்று இருந்தாலும் கணுக்காலைப் படம் எடுத்துப் பார்க்க வேண்டும்.

முதியவர்கள் விஷயத்தில் கூடுதல் எச்சரிக்கை தேவை. இடுப்பு மூட்டை ஒட்டிய தொடை எலும்பின் கழுத்துப் பகுதி முறிந்து, ஒரு முனை மற்றொன்றுக்குள் செருகிக்கொண்டால், அவர் நொண்டியபடியே சில நாட்கள் நடக்கவும் கூடும். விழுந்த முதியவர் தொடை இடுக்கில் வலி என்றோ, சில நேரம் முழங்காலில் வலி என்றோ சொன்னால், நடக்கிறார் என்ற காரணத்தால் அதை ஒதுக்கிவிடக் கூடாது.

மருத்துவமனைக்குச் செல்லும் முன்

முதலில் இரத்தப்போக்கை நிறுத்துங்கள். சுத்தமான துணியைக் காயத்தின் மேல் வைத்து அழுத்துங்கள். எலும்பு வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் அதன் மீது அழுத்தாமல் சுற்றிலும் அழுத்த வேண்டும். வெளியே வந்த எலும்பை எக்காரணம் கொண்டும் உள்ளே தள்ளாதீர்கள். அதனுடன் மண்ணும் கிருமியும் உள்ளே போகும். தொடை எலும்பு முறிந்தால் வெளியே ஒரு சொட்டுக்கூடச் சிந்தாமலேயே தசைக்குள் 1 முதல் 1.5 லிட்டர் வரை இரத்தம் கசியக்கூடும். இடுப்பெலும்பு முறிவில் அதற்கு மேலும் போகலாம். ஆகவே அடிபட்டவர் வெளிறிப்போய், வியர்த்து, தலைசுற்றலாக உணர்ந்தால் உயிருக்கே ஆபத்து என்று எடுத்துக்கொண்டு உடனே ஆம்புலன்ஸை அழைக்க வேண்டும்.

அடுத்து, முறிந்த பகுதியை அசையாமல் நிறுத்துங்கள். அட்டை, பலகை, மடித்த நாளிதழ், தலையணை என்று கைக்குக் கிடைப்பதைப் பத்தையாக வைத்து, முறிவுக்கு மேலே உள்ள மூட்டையும் கீழே உள்ள மூட்டையும் சேர்த்துக் கட்டுவதே விதி. முன்கை முறிந்திருந்தால் முழங்கையும் மணிக்கட்டும் இரண்டுமே அசையாமல் இருக்க வேண்டும். வளைந்திருப்பதை நிமிர்த்த முயலாமல், இருக்கும் நிலையிலேயே கட்டுங்கள். கட்டு விழுந்துவிடாத அளவுக்கு இறுக்கம் போதும். வீக்கம் இனிமேல்தான் கூடும். மோதிரம், வளையல், கைக்கடிகாரம் ஆகியவற்றை வீக்கம் ஏறுவதற்கு முன்பே கழற்றிவிடுங்கள். ஐஸ் கட்டியைத் துணியில் சுற்றி 15 அல்லது 20 நிமிடம் வைக்கலாம். நேரடியாகத் தோலின் மீது வைக்கக் கூடாது. சாப்பிடவோ குடிக்கவோ கொடுக்காதீர்கள், ஏனெனில் மயக்க மருந்து தேவைப்பட்டால் வயிறு காலியாக இருக்க வேண்டும். கழுத்திலோ முதுகிலோ வலி இருந்தால், தீ, வெள்ளம் போன்ற உடனடி ஆபத்து இல்லாத வரை, ஆளை நகர்த்தாமல் உதவி வரும்வரை காத்திருப்பதே சரி.

எண்ணெய் தடவி நீவிவிடுவதை மட்டும் யார் வற்புறுத்தினாலும் அனுமதிக்காதீர்கள். விலகாத முறிவை அது விலக்கிவிடும்; கூரிய எலும்பு முனை இரத்தக்குழாயையோ நரம்பையோ குத்தக்கூடும்; குறிப்பாக முழங்கையில், நீவப்பட்ட தசைக்குள்ளேயே எலும்பு வளர்ந்து மூட்டு நிரந்தரமாக இறுகிப்போவதும் உண்டு.

கட்டிய பின் விரல்நுனியைப் பாருங்கள். நகத்தை அழுத்தினால் அது வெளுக்கும். விட்டவுடன் ஏறக்குறைய 2 விநாடிக்குள் மீண்டும் சிவக்க வேண்டும். அதற்கு மேல் தாமதமானால், அல்லது விரல் சில்லிட்டு நீலம் பாரித்திருந்தால், அல்லது தொடுவது தெரியவில்லை என்று அவர் சொன்னால், கட்டைத் தளர்த்திவிட்டு விரைந்து கொண்டுசெல்லுங்கள். போகும் வழியிலும் சில நிமிடங்களுக்கு ஒருமுறை இதைத் திரும்பத் திரும்பச் செய்து பார்க்க வேண்டும்.

முறிவின் வகைகள்

வகைகளின் பட்டியல் நீளமானது. ஆனால் சிகிச்சையைத் தீர்மானிப்பவை முதன்மையாக மூன்று பிரிவினைகள்: தோல் கிழிந்ததா, முனைகள் விலகினவா, முறிவுக் கோடு எப்படி ஓடுகிறது.

தோல் கிழியாதது மூடிய முறிவு. முறிந்த இடம் வெளிக்காற்றோடு தொடர்புகொண்டுவிட்டால் அது திறந்த முறிவு. காயம் குண்டூசி முனை அளவாக இருந்தாலும் அது திறந்த முறிவுதான். இரண்டுக்கும் இடையிலான வேறுபாடு மிகப் பெரியது, ஏனெனில் எலும்புக்குள் கிருமி நுழைந்தால் அதை வெளியேற்றுவது மாதக்கணக்கான போராட்டமாகிவிடும். திறந்த முறிவை மருத்துவர்கள் மூன்று தரமாகப் பிரிக்கிறார்கள்; 1976இல் குஸ்டிலோ, ஆண்டர்சன் என்ற இரு அறுவை மருத்துவர்கள் வகுத்தளித்த முறை இது. காயம் 1 சென்டிமீட்டருக்குக் குறைவாகவும் சுத்தமாகவும் இருந்தால் முதல் தரம். அதைவிடப் பெரியதாயினும் தசைச் சிதைவு அதிகமில்லாவிட்டால் இரண்டாம் தரம். தசையும் தோலும் பெருமளவில் சிதைந்தவை மூன்றாம் தரம். தரம் எதுவாயினும் கிருமிக்கொல்லி மருந்தை இயன்றவரை முதல் ஒரு மணிநேரத்துக்குள் ஏற்றத் தொடங்குவதும், டெட்டனஸ் தடுப்பூசியின் நிலையைக் கேட்டறிவதும், அறுவை அரங்கில் காயத்தைக் கழுவி இறந்த தசையை அகற்றுவதும் கட்டாயம்.

முறிவுக் கோட்டின் வடிவம், எந்த விசை அந்த எலும்பைத் தாக்கியது என்பதைச் சொல்லிவிடும். நேரான அடி அல்லது வளைப்பு, எலும்பைக் குறுக்காக முறிக்கும். சாய்வாக ஓடும் கோடு, அழுத்தமும் வளைப்பும் சேர்ந்ததன் விளைவு. பாதம் ஓரிடத்தில் மாட்டிக்கொண்டு உடல் திரும்பினால் கெண்டைக்கால் எலும்பு திருகு வடிவில் முறியும். அதிவேக விபத்துகளில் எலும்பு மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட துண்டுகளாக நொறுங்கும். தசைநார் திடீரென இழுத்து எலும்பின் ஒரு சிறு துண்டைப் பிய்த்துக்கொண்டு வருவதும் ஒரு வகை. ஓடும்போது அல்லது உதைக்கும்போது வளரிளம் பருவத்தினருக்கு இடுப்பெலும்பின் ஓரங்களில் இது நேர்கிறது. இன்னும் நடக்கத் தொடங்காத குழந்தைக்குத் தொடை எலும்பு முறிந்திருந்தால், மருத்துவர்கள் அது எப்படி நேர்ந்தது என்று விரிவாக விசாரிப்பார்கள். பெற்றோருக்கு அது வேதனையாக இருக்கலாம். ஆனால் தனக்கு நேர்ந்ததைச் சொல்லத் தெரியாத குழந்தையின் பாதுகாப்புக்காகக் கேட்கப்படும் கேள்வி அது.

குழந்தைகளின் எலும்பு நெகிழ்வு மிக்கது, அதைப் போர்த்தியிருக்கும் சவ்வும் தடித்தது. ஆகவே பசுங்கொம்பை வளைத்தால் ஒரு பக்கம் மட்டும் பிளந்து மறுபக்கம் ஒட்டிக்கொண்டிருப்பதைப் போல, அவர்களின் எலும்பு பாதி முறிந்து பாதி வளைந்து நிற்கும். இன்னும் இலேசானது, கையை ஊன்றி விழும்போது மணிக்கட்டுக்கு அருகே எலும்பு நசுங்கிப் புடைப்பது; இதற்குக் கழற்றி மாட்டக்கூடிய பட்டை சுமார் 3 வாரம் போட்டிருந்தாலே போதும். குழந்தைகளிடம் கவலைக்குரியது, நீளமான எலும்புகளின் முனைகளில் உள்ள வளர்ச்சித் தட்டின் ஊடாக ஏற்படும் முறிவு. 1963இல் சால்டர், ஹாரிஸ் என்ற இரு மருத்துவர்கள் இதை ஐந்து வகையாகப் பிரித்தார்கள். வளர்ச்சித் தட்டு சேதமடைந்தால் அந்தக் கை அல்லது கால் குட்டையாகவோ கோணலாகவோ வளரக்கூடும் என்பதால், முறிவு கூடிய பிறகும் நீண்ட காலம் தொடர்ந்து பரிசோதனைக்கு அழைத்துச்செல்ல வேண்டும்.

பெரிய அடி இல்லாமலே நேரும் முறிவுகளும் உண்டு. திடீரெனப் பயிற்சியை அதிகரித்த ஓட்டக்காரர்கள், நீண்ட அணிவகுப்புப் பயிற்சியில் இருக்கும் படைவீரர்கள் ஆகியோருக்குப் பாத எலும்பிலோ கெண்டைக்கால் எலும்பிலோ மயிரிழை போன்ற விரிசல் விழும். முதல் இரண்டு மூன்று வாரங்களில் எடுக்கும் எக்ஸ்ரேயில் அது தெரியாமலே போகலாம்; எம்ஆர்ஐ ஸ்கேன் காட்டிக்கொடுக்கும். எலும்பு ஏற்கெனவே புற்றுநோயாலோ எலும்புத் தேய்வாலோ பலவீனமாக இருந்தால், தும்மியதற்கோ குனிந்ததற்கோகூட முறியலாம். முதியவர்களின் முதுகெலும்புக் கட்டைகள் இப்படி அமுங்கிப்போவதால்தான் பலருக்கு உயரம் குறைந்து முதுகு கூனுகிறது.

படம் எடுத்தல்

எக்ஸ்ரே எப்போதும் ஒன்றுக்கொன்று செங்குத்தான இரண்டு கோணங்களிலாவது எடுக்கப்பட வேண்டும். முன்னிருந்து பார்க்கும்போது நேராகத் தெரியும் எலும்பு, பக்கவாட்டில் பார்த்தால் முற்றிலும் விலகியிருக்கலாம். மூட்டுக்குள் ஓடும் முறிவுகளுக்கும் நொறுங்கியவற்றுக்கும் சிடி ஸ்கேன் தேவைப்படுகிறது. கட்டைவிரலின் அடியில், மணிக்கட்டில் உள்ள படகு வடிவச் சிற்றெலும்பை இங்கே தனியாகக் குறிப்பிட வேண்டும். அது முறிந்தாலும் முதல் நாள் படத்தில் பலமுறை தெரியாது. அதற்கு இரத்தம் நுனியிலிருந்து பின்னோக்கி வருவதால், முறிந்தால் உடலை ஒட்டிய பாதி இரத்தமின்றி இறந்துபோகும் அபாயம் உண்டு. எனவே கட்டைவிரலின் அடிக்குழியில் அழுத்தினால் வலி இருக்கும்போது, படம் சுத்தமாக இருந்தாலும் கட்டுப் போட்டு, 10 முதல் 14 நாட்கள் கழித்து மீண்டும் படம் எடுத்துப் பார்ப்பது வழக்கம். இரண்டாம் முறை வரச் சொன்னால் தவறாமல் போங்கள்.

சிகிச்சை எப்படித் தீர்மானிக்கப்படுகிறது

எலும்பைக் கூட வைப்பது உடல்தான். முறிந்தவுடன் அங்கே இரத்தம் உறைகிறது; சில நாட்களில் புதிய இரத்தக்குழாய்கள் துளிர்க்கின்றன; இரண்டு மூன்று வாரங்களில் மென்மையான இணைப்புத் திசு உருவாகி, அடுத்த வாரங்களில் அது கெட்டியான எலும்பாக மாறுகிறது; பிறகு மாதங்களாக, சில நேரம் ஆண்டுகளாக, சுமை விழும் திசைக்கேற்ப எலும்பு தன்னைச் செதுக்கிக்கொள்கிறது. மருத்துவரின் வேலை முனைகளைச் சரியான இடத்தில் சேர்ப்பதும், கூடும்வரை அங்கேயே நிறுத்தி வைப்பதும், அதற்கிடையே சுற்றியுள்ள தசையையும் மூட்டையும் காப்பாற்றுவதும் ஆகும்.

விலகாத, நிலையான முறிவுகளுக்குப் பெரும்பாலும் மாவுக்கட்டோ, ஒரு பக்கம் மட்டும் மாவுப்பட்டை வைத்துத் துணியால் சுற்றும் ஸ்லாப்போ போதும். காறை எலும்பு முறிவுகளில் பெரும்பகுதிக்குக் கையைத் தொங்கவிடும் பட்டையே சிகிச்சை. விலா எலும்பைக் கட்டவே கூடாது; வலியைக் குறைத்து ஆழமாக மூச்சுவிட வைப்பதுதான் நிமோனியாவைத் தடுக்கும். விலகிய முறிவுகளில், மரத்துப்போகும் ஊசியோ மயக்க மருந்தோ கொடுத்துவிட்டு, வெளியிலிருந்தே இழுத்துப் பொருத்திக் கட்டுப் போடுவார்கள். இப்படிப் பொருத்தியவை வீக்கம் வடியும்போது கட்டுக்குள்ளேயே மீண்டும் விலகக்கூடும் என்பதால்தான் முதல் வாரத்திலும் இரண்டாம் வாரத்திலும் மறுபடியும் படம் எடுக்கச் சொல்கிறார்கள்.

அறுவை சிகிச்சை எப்போது தேவை? மூட்டின் வழவழப்பான பரப்பு பிளந்து படி விழுந்திருந்தால், முறிவு நிற்காமல் நழுவிக்கொண்டே இருந்தால், தோல் கிழிந்திருந்தால், இரத்தக்குழாய் சேதமடைந்திருந்தால், அல்லது நோயாளியை வாரக்கணக்கில் படுக்க வைப்பது முறிவைவிட ஆபத்தானதாக இருந்தால், அறுவை சிகிச்சையே நல்ல வழி. பெரியவர்களின் தொடை எலும்பின் நடுத்தண்டு முறிந்தால் எலும்பின் உட்குழலுக்குள் ராடு எனப்படும் உலோகத் தண்டு செலுத்தப்படுகிறது. 1939இல் ஜெர்மனியின் அறுவை மருத்துவர் குன்ட்ஷர் தொடங்கிவைத்த இந்த முறை, அதுவரை மாதக்கணக்கில் எடை கட்டிப் படுத்துக்கிடந்தவர்களைச் சில நாட்களில் எழுந்து நிற்க வைத்தது. மூட்டுக்கு அருகே உள்ள முறிவுகளுக்குப் பிளேட்டும் ஸ்குருவும், சிறு எலும்புகளுக்கும் குழந்தைகளுக்கும் மெல்லிய கம்பிகளும் பொருத்தமானவை. காயம் மோசமாகச் சிதைந்திருந்தால், தோலுக்கு வெளியே சட்டம் அமைத்து எலும்பைப் பிடித்து நிறுத்துகிறார்கள். சோவியத் ஒன்றியத்தின் குர்கான் நகரில் 1950களில் இலிசரோவ் என்ற மருத்துவர் உருவாக்கிய வளையச் சட்டம், இழந்துபோன எலும்பை மெல்ல மெல்ல வளர்த்தெடுக்கவும் உதவுகிறது.

முதியவரின் தொடை எலும்புக் கழுத்து முறிந்து விலகிவிட்டால், பந்துமுனைக்கு வரும் இரத்தம் துண்டிக்கப்படுவதால், பெரும்பாலும் அதை ஒட்டவைக்காமல் செயற்கை மூட்டைப் பொருத்துகிறார்கள். அதே இடத்துக்குச் சற்றுக் கீழே முறிந்தால் இரத்த ஓட்டம் நன்றாக இருப்பதால், ஸ்குருவோ ராடோ வைத்தால் கூடிவிடும். இரண்டிலும், உடல்நிலை அனுமதித்தால், ஓரிரு நாட்களுக்குள் அறுவையை முடித்து மறுநாளே எழுப்பி நிற்க வைப்பதே நோக்கம். "இந்த வயதில் அறுவை வேண்டாம், படுக்கையிலேயே பார்த்துக்கொள்ளலாம்" என்று குடும்பத்தினர் அன்பினால் எடுக்கும் முடிவு, படுக்கைப் புண்ணையும் நிமோனியாவையும் கால் இரத்தக்குழாய் அடைப்பையும் வரவழைப்பதாகவே பெரும்பாலும் முடிகிறது.

மாவுக்கட்டுடன் வீடு திரும்பிய பிறகு

ஈரமான மாவுக்கட்டு இறுகும்போது வெதுவெதுப்பாக உணர்வது இயல்பு. நீரும் சுண்ணாம்புச் சேர்மமும் வினைபுரிவதால் வரும் சூடு அது. கட்டு முழுமையாகக் காய 2 அல்லது 3 நாட்கள் ஆகும். அதுவரை கெட்டியான விளிம்பில் சாய்த்து வைக்காதீர்கள், விரலால் அழுத்திக் குழி விழச் செய்யாதீர்கள். ஃபைபர் கிளாஸ் கட்டு விரைவில் காய்ந்துவிடும், எடையும் குறைவு. ஆனால் வெளிப்புறம் நனையாவிட்டாலும் உள்ளே உள்ள பஞ்சு நனையும் என்பதால் குளிக்கும்போது பிளாஸ்டிக் உறை போடுவது அவசியம்.

முதல் 2, 3 நாட்கள் கையையோ காலையோ நெஞ்சின் மட்டத்துக்கு மேலே தூக்கி வையுங்கள். கட்டுக்கு வெளியே உள்ள விரல்களை ஒவ்வொரு மணிநேரமும் மடக்கி நீட்டுங்கள். அரிப்பெடுத்தால் குச்சியோ ஊசியோ நுழைக்காதீர்கள். உள்ளே ஏற்படும் சிறு கீறலும் வெளித்தெரியாமல் சீழ் பிடிக்கும்.

இனி, இந்த வழிகாட்டியில் மிகவும் கவனித்துப் படிக்க வேண்டிய இடம். வலிமாத்திரை போட்ட பிறகும் வலி குறையாமல் ஏறிக்கொண்டே போகிறது, வேறொருவர் விரலை மெதுவாக நீட்டினாலே தாங்க முடியவில்லை, தசை கல்லைப்போல் இறுகியிருக்கிறது, விரல்கள் மரத்துப்போகின்றன. இவை தசை உறைக்குள் அழுத்தம் ஏறி இரத்த ஓட்டம் நின்றுகொண்டிருப்பதன் அடையாளங்கள். ஏறக்குறைய 6 மணிநேரத்துக்குள் தசை மீளாச் சேதம் அடையத் தொடங்கும். நள்ளிரவானாலும் விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. மருத்துவமனையில் முதலில் கட்டையும் உள்ளே உள்ள பஞ்சையும் முழுதாகப் பிளந்துவிடுவார்கள். அதன் பிறகும் குறையாவிட்டால் தசை உறையைக் கீறிவிடும் அறுவை உடனே தேவைப்படும். முழங்கைக்கு மேலே முறிந்த குழந்தைகளிடம் இதைக் கூடுதலாகக் கவனிக்க வேண்டும். "எப்போதும் அழுகிற பிள்ளைதான்" என்று விட்டுவிடாமல், விரல்களை ஒவ்வொன்றாக நீட்டிப் பார்த்து, நகத்தை அழுத்திப் பார்த்து, நிறத்தை மறுகையோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

தொடை போன்ற நீண்ட எலும்பு முறிந்த 1 முதல் 3 நாட்களுக்குள் மூச்சுத்திணறலும் குழப்பமும் தோன்றினால், அது எலும்பு மஜ்ஜையின் கொழுப்பு நுரையீரலை அடைத்ததாக இருக்கலாம். ஒரு பக்கக் கெண்டைக்கால் வீங்கி வலித்தாலோ, திடீரென நெஞ்சு வலித்தாலோ இரத்தக் கட்டியைச் சந்தேகிக்க வேண்டும். கட்டிலிருந்து துர்நாற்றம் வீசினாலும் காய்ச்சல் வந்தாலும் அன்றே காட்டுங்கள்.

கூடும் காலமும் அதன் பிறகும்

தோராயமாகச் சொன்னால், விரல் எலும்புக்கு 3 முதல் 4 வாரம், மணிக்கட்டுக்கு சுமார் 6 வாரம், மேற்கைக்கு 8 முதல் 12 வாரம், கெண்டைக்கால் எலும்புக்கும் தொடை எலும்புக்கும் 12 முதல் 16 வாரம் அல்லது அதற்கு மேலும் ஆகும். குழந்தைகளுக்கு இது கணிசமாகக் குறையும். எக்ஸ்ரேயில் எலும்பு கூடியது தெரிந்தாலும் முழு வலிமை வர இன்னும் மாதங்கள் ஆகும் என்பதால், கட்டைப் பிரித்த அன்றே ஓடத் தொடங்கக் கூடாது.

புகைபிடித்தல் எலும்பு கூடுவதைத் தெளிவாகவே தாமதப்படுத்துகிறது. முறிந்த நாளிலேயே அதை நிறுத்துவது நோயாளி தன் கையால் செய்யக்கூடிய மிகப் பெரிய உதவி. சர்க்கரை நோய் உள்ளவர்கள் அதைக் கட்டுக்குள் வைத்திருக்க வேண்டும். புரதமும் கால்சியமும் வைட்டமின் டியும் போதிய அளவில் தேவை. ஆனால் குறைபாடு இல்லாதவர் மாத்திரைகளை அள்ளி விழுங்குவதால் எலும்பு வேகமாகக் கூடிவிடாது.

கட்டுப் பிரித்தவுடன் கை மெலிந்து, தோல் செதில் செதிலாக உரிந்து, மூட்டு இறுகியிருப்பதைக் கண்டு பலர் அஞ்சுகிறார்கள். வாரக்கணக்கில் அசையாமல் இருந்ததன் விளைவு அது. பிசியோதெரபியைத் தவறாமல் செய்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். வெந்நீரில் மெதுவாகக் கழுவி, பயிற்சியாளர் சொன்ன அளவுக்கு மட்டும் நாள்தோறும் அசையுங்கள். இறுகிய மூட்டை வேறொருவரைக் கொண்டு வலுக்கட்டாயமாக மடக்க வைக்காதீர்கள். எதிர்பார்த்த காலம் கடந்தும் சுமை வைத்தால் வலிக்கிறது என்றால் மீண்டும் படம் எடுக்க வேண்டும். அடுத்தடுத்த படங்களில் முன்னேற்றமே இல்லையென்றால், எலும்பு ஒட்டு வைத்தோ உள்ளிருக்கும் ராடை மாற்றியோ அதைக் கூட வைக்க வழிகள் உள்ளன. உள்ளே வைத்த பிளேட்டும் ராடும் தொந்தரவு தராத வரை, பெரியவர்களுக்குப் பொதுவாக அவற்றை எடுக்க வேண்டியதில்லை.

50 வயதைக் கடந்த ஒருவருக்கு, நின்ற நிலையிலிருந்து விழுந்ததற்கே மணிக்கட்டோ இடுப்போ முதுகெலும்போ முறிந்திருந்தால், கட்டுப் போட்டதோடு சிகிச்சை முடிந்துவிட்டது என்று வீட்டுக்கு வராதீர்கள். எலும்பு அடர்த்திப் பரிசோதனை செய்யுமாறு கேளுங்கள். அதில் வரும் டி மதிப்பு (ஆரோக்கியமான இளவயதினரின் எலும்பு அடர்த்தியோடு ஒப்பிடும் எண்) மைனஸ் 2.5 அல்லது அதற்கும் கீழே இருந்தால் அது எலும்புத் தேய்வு நோய். அடுத்த முறிவின் வாய்ப்பைக் குறைக்கும் மருந்துகள் உள்ளன. பார்வைக் குறைவு, தலைசுற்றல் தரும் மாத்திரைகள், இரவில் வெளிச்சமில்லாத கழிப்பறை வழி, வழுக்கும் தரை என்று விழக் காரணமானவற்றையும் மருத்துவரோடு அமர்ந்து ஒவ்வொன்றாகப் பேசிச் சரிசெய்யுங்கள்.